நாலாம் பக்கத்து கவுன்

ஆசிரியர் சாருக்கு வணக்கம்,

போருக்கு அப்புறமான ஜப்பான் போட்டோகிராஃபி பத்தி போன இதழ்ல ஆறு பக்கம் போட்டிருந்தீங்க, சந்தோஷம். மொரியாமா, டோமாட்சு, அராக்கின்னு ஆம்பள போட்டோகிராஃபர்ங்களுக்கு ஆளுக்கு அரைப்பக்கம் குடுத்துட்டு கடைசில "பின்னாளில் பெண்களும் மென்மையான பார்வையோடு வந்தனர்"னு ஒரே வரி. பின்னாளாம்! டோக்கிவா டோயோகோ 1957லயே தன்னோட போட்டோ புக் போட்டாச்சு சார். யோகோஹாமா குண்டுவீச்சுல அப்பாவ பறிகொடுத்த பொண்ணு, அதே ஊர்ல அமெரிக்க சிப்பாய்ங்க வந்துபோற சிவப்பு விளக்குத் தெருவுக்குள்ள கேமராவோட போயி, அங்க இருந்த பொண்ணுங்கள கட்டாய மெடிக்கல் செக்கப்புக்கு உக்கார வெச்சது வரைக்கும் எடுத்தாங்க. ரொம்ப மென்மைதான்.

இஷியூச்சி மியாக்கோ 1977ல கண்காட்சியா வெச்ச யோகோசுகா படங்கள்ல கிரெயின், அதான் ஃபிலிம்ல தெரியற அந்தப் புள்ளிப்புள்ளி, கண்ணுல மண்ணு விழுந்த மாதிரி உறுத்தும், அமெரிக்க கடற்படை இருந்த ஊரு, அவங்க வளர்ந்த ஊரு. இதையே மொரியாமா பண்ணா உங்க கட்டுரைல "கலகம்". 1979ல ஜப்பான்ல போட்டோகிராஃபிக்குக் குடுக்கிற பெரிய அவார்டான கிமுரா இஹெய் அவார்டு வாங்கின முதல் பெண் அவங்கதான்னு உங்களுக்குத் தெரியாமலா இருக்கும்.

1974ல நியூயார்க் மாடர்ன் ஆர்ட் மியூசியம் ஜப்பான்காரங்க 15 பேர் படத்த வெச்சாங்க, ஒரு பெண் கிடையாது, நீங்க இன்னும் அந்த லிஸ்ட்டத்தான் பிடிச்சிட்டிருக்கீங்க. 2001ல நாகஷிமா யூரியே, ஹிரோமிக்ஸ், நினகாவா மிக்கா மூணு பேருக்கும் அதே அவார்ட சேர்த்துக் குடுத்தப்பவும் "பொண்ணுங்க போட்டோ"ங்கிற லேபிள் போகல. நாகஷிமா 2020ல அந்த லேபிளுக்குப் பதில் சொல்ல ஒரு புக்கே எழுத வேண்டியதாச்சு.

நான் 11 வருஷமா கல்யாண போட்டோ எடுக்கிறேன். முகூர்த்தம் நான் எடுப்பேன், ஆல்பத்துல ஓனர் பேரு. கேட்டா "நீ பொண்ணு ரூம பாத்துக்கம்மா"ம்பாங்க. அதனால எனக்கு இந்த மென்மை நல்லாவே பழக்கம்.

வயித்தெரிச்சல் எதுன்னா, நாலாம் பக்கத்துல முழுசா பெருசு பண்ணி போட்டிருக்கீங்களே ஹிரோஷிமால செத்துப்போன யாரோ போட்டிருந்த கவுன், அது இஷியூச்சி எடுத்தது. 2007லேர்ந்து அந்தத் துணிங்கள எடுத்துட்டு வர்றாங்க. இதழ்லயே பெரிய படம் அதுதான், கீழ "நன்றி: இணையம்".

அடுத்த இதழ்ல அவங்க பேரப் போட்டுடுங்க. ராசிபலன்ல நட்சத்திரம் மாறிப்போனதுக்கு வருத்தம் தெரிவிச்சீங்கல்ல, அந்த சைஸ் போதும்.

இப்படிக்கு,
14 வருஷ சந்தாதாரர்