குடல்வாலைப் பாட்டிலில் போட்டு எங்கள் கையில் கொடுக்காதீர்கள்

தமிழ்நாட்டு அறுவை சிகிச்சை மருத்துவர்களுக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம் டாக்டர்.

நான் ஒரு ஜவுளிக்கடையில் கணக்கு எழுதுகிறவன். பில்லில் வரி வரியாகப் பார்த்து இது எதற்கு, அது எதற்கு என்று கேட்பதுதான் என் பிழைப்பு. அந்தப் பழக்கத்தால்தான் இந்த மடலை எழுத வேண்டி வந்தது. இதில் உங்கள் பக்கம் எவ்வளவு தவறோ என் பக்கமும் கிட்டத்தட்ட அவ்வளவு இருக்கிறது, அதை முதலிலேயே ஒத்துக்கொண்டு விடுகிறேன்.

ஆறு வருஷத்துக்கு முன்னால் என் அக்காவுக்கு வலது அடிவயிற்றில் வலி. அப்போது வயது 43. எங்கள் ஊர் நர்சிங் ஹோமில் ஸ்கேன் எடுத்து, அப்பெண்டிசைட்டிஸ் என்று சொல்லி, அன்று ராத்திரியே லேப்ராஸ்கோப்பியில் குடல்வாலை எடுத்தும் விட்டார்கள். முடிந்ததும் நம் ஊர் வழக்கப்படி நர்ஸ் கிட்னி டிரேயில் வைத்துக் கொண்டுவந்து காட்டினார். சுண்டுவிரல் அளவு இருக்கும் என்று நினைத்திருந்தேன், அது பிஞ்சுக் கத்திரிக்காய் மாதிரி உப்பிப் பளபளவென்று இருந்தது, ஒரு பக்கம் கிழிந்து, அதிலிருந்து இளநுங்கு மாதிரி ஏதோ கொழகொழவென்று தட்டில் வழிந்திருந்தது. பின்னாலேயே டாக்டர் வந்து, "எடுக்கும்போது லேசா உடைஞ்சிருச்சு, உள்ளே ஜெல்லி மாதிரி இருந்தது, நல்லா கழுவி விட்டுட்டோம், பயப்பட ஒண்ணுமில்லை" என்றார். நாங்களும் கையெடுத்துக் கும்பிட்டோம்.

மறுநாள் காலை வார்டு சிஸ்டர் ஒரு பிளாஸ்டிக் பாட்டிலைக் கொண்டுவந்தார். பார்மலினில் குடல்வால் மிதக்கிறது, மேலே பிளாஸ்டர் ஒட்டி அக்கா பெயரைப் பேனாவால் எழுதியிருந்தார்கள். "பயாப்சிக்கு அனுப்பணும்னா அனுப்பிக்கோங்க, வெளி லேபுல 1,200 ரூபாய் ஆகும்." அனுப்பித்தான் ஆகணுமா என்று கேட்டேன். "சாதாரண அப்பெண்டிக்ஸ்தானே, உங்க இஷ்டம்." மாமா என் முகத்தைப் பார்த்தார், கணக்கு வழக்கெல்லாம் நான்தானே. நான் வேண்டாம் என்றேன். அந்தப் பாட்டில் ரெண்டு நாள் ஜன்னல் திட்டில் பிளாஸ்க் பக்கத்தில் இருந்தது, டிஸ்சார்ஜ் அன்றைக்கு யாரோ எடுத்துப் போட்டுவிட்டார்கள்.

டிஸ்சார்ஜ் சம்மரியில் ஜெல்லியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. "அப்பெண்டெக்டமி செய்யப்பட்டது, நோயாளி நலம்" என்பதோடு சரி.

மூன்று வருஷம் கழித்து அக்காவுக்கு ஜாக்கெட் இறுக ஆரம்பித்தது. கை கால் முகமெல்லாம் இளைத்துக்கொண்டே போகிறது, வயிறு மட்டும் ஏறுகிறது. வீட்டில் எல்லாரும் கேலி செய்தோம், நானும்தான். ஸ்கேனில் வயிற்றில் நீர் என்று வந்தது, ஊசி போட்டு உறிஞ்சிப் பார்த்தார்கள், எதுவும் வரவில்லை, ஏனென்றால் அது நீரே இல்லை. சினைப்பைப் புற்றுநோயைச் சந்தேகிக்க வைக்கிற சிஏ-125 என்ற அளவு ரத்தத்தில் கூடியிருக்கிறது, ரெண்டு சினைப்பையிலும் கட்டி இருக்கிறது, அதனால் சினைப்பைப் புற்றுநோய் என்று முடிவுகட்டி வயிற்றைத் திறந்தார்கள், உள்ளே முழுக்க ஜெல்லி, முடிந்த அளவுக்கு அள்ளி எடுத்துவிட்டு மூடிவிட்டார்கள். அப்புறம் ஆறு சைக்கிள் கீமோ. முடி கொட்டியது, ஜெல்லி அப்படியே இருந்தது.

கடைசியாக ஒரு பெரிய ஊர் டாக்டரிடம் போனோம். அவர் சி.டி. படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, ஈரல் ஓரம் அலை அலையாகக் குழிந்திருப்பதைக் காட்டி, முதலில் கேட்ட கேள்வி: "இவங்களுக்கு அப்பெண்டிக்ஸ் எடுத்திருக்கா?" ரெண்டாவது கேள்வி: "அந்த பிளாக் இருக்கா?" பிளாக் என்றால் திசுவை மெழுகில் பதித்து லேபில் வருஷக்கணக்காக வைத்திருப்பார்களாம், எப்போது வேண்டுமானாலும் மறுபடி சீவி மைக்ராஸ்கோப்பில் பார்க்கலாமாம். எனக்கு ஜன்னல் திட்டும் பிளாஸ்க்கும்தான் ஞாபகம் வந்தது.

அன்றைக்குத்தான் சூடோமிக்சோமா பெரிடோனியை என்ற பெயரை முதல்முதலாகக் கேட்டேன். சுருக்கமாக பி.எம்.பி. என்கிறார்கள். குடல்வாலின் உள்சுவரில் சளி சுரக்கிற செல்கள் கட்டியாகி, சளி சேர்ந்து சேர்ந்து குடல்வால் உப்பி, ஒருநாள் வெடித்தோ கசிந்தோ வயிற்றுக்குள் பரவிவிடுகிறது, பரவிய இடத்திலெல்லாம் உட்கார்ந்து மேலும் சளியைச் சுரக்கிறது. அந்த மூலக்கட்டியில் வீரியம் குறைந்த வகைக்கு எல்.ஏ.எம்.என். என்று பெயர். அது ரத்தத்தில் ஏறி நுரையீரலுக்கும் மூளைக்கும் போவது ரொம்ப அபூர்வம், மைக்ராஸ்கோப்பில் பார்த்தால்கூட சாதுவாகத்தான் தெரியுமாம், ஆனால் வயிற்றை நிறைத்துக் குடலை நெரித்தே ஆளைக் கொன்றுவிடும். ஆட்ரி ஹெப்பர்ன் என்ற ஹாலிவுட் நடிகையை உங்களுக்குத் தெரிந்திருக்கும். 1992 நவம்பரில் ஆபரேஷன் செய்தார்கள், 1993 ஜனவரி 20 அன்று இறந்துபோனார், இதே வியாதிதான், அவருக்கும் குடல்வாலில்தான் ஆரம்பித்தது.

அபூர்வம்தான், மறுக்கவில்லை. எடுக்கிற ஆயிரம் குடல்வாலில் ரெண்டோ மூன்றோதான் இப்படிச் சளி நிறைந்து உப்பியிருக்கும் என்று புத்தகங்களில் போட்டிருக்கிறது. பி.எம்.பி. அதைவிட அபூர்வம், பத்து லட்சம் பேரில் வருஷத்துக்கு ஓரிருவர் என்றுதான் ரொம்ப நாளாகச் சொல்லி வந்தார்கள், இப்போது அதைவிடக் கொஞ்சம் கூடுதல் என்கிறார்கள். நீங்கள் வாழ்நாளில் நாலைந்து பார்த்தால் அதிகம். ஆனால் ஒன்று யோசித்துப் பாருங்கள் டாக்டர், அந்த நாலைந்தில் ஒன்று உங்கள் கையிலேயே வந்து உடைந்து, ஜெல்லியை உங்கள் கண்ணாலேயே பார்த்து, உங்கள் வாயாலேயே எங்களிடம் சொல்லிவிட்டு, அப்புறம் பாட்டிலை எங்கள் கையில் கொடுத்து "உங்க இஷ்டம்" என்பது என்ன நியாயம்? பருத்திக்கும் பாலியஸ்டருக்கும் வித்தியாசம் சொல்லச் சொன்னால் தொட்டே சொல்வேன், குடல்வாலில் எனக்கு என்ன இஷ்டம் இருக்க முடியும்?

உடைந்ததைக் குற்றமாகச் சொல்ல வரவில்லை. உங்கள் கை படுவதற்கு முன்பே அது கிழிந்திருக்கலாம். ஆனால் ஸ்கேனில் குடல்வால் 15 மில்லிமீட்டரைத் தாண்டி உப்பியிருந்தால், சுவரில் சுண்ணாம்பு படிந்திருந்தால், இது வெறும் சீழாக இல்லாமலும் இருக்கலாம் என்ற நினைப்பு கத்தி வைப்பதற்கு முன்னாலேயே வரவேண்டும் என்கிறார்கள். அப்படிப்பட்டதை இடுக்கியால் நசுக்காமல், அடியோடு வெட்டி, பைக்குள் போட்டு, பையோடு வெளியே எடுக்க வேண்டும், லேப்ராஸ்கோப்பியில் முடியாது என்று பட்டால் திறந்துவிட வேண்டும். எடுக்கும்போதே வயிற்றை ஒரு சுற்றுப் பார்த்து, எங்கே ஜெல்லி இருந்தது என்று எழுதி, அதில் கொஞ்சம் எடுத்துத் தனிப் பாட்டிலில் அனுப்ப வேண்டும். அந்த ஜெல்லிக்குள் செல் இருக்கிறதா இல்லையா என்பதை வைத்துத்தான் அடுத்து எவ்வளவு பயப்பட வேண்டும் என்பதே தெரியுமாம். உடையாமல் முழுசாக வந்து, வெட்டிய ஓரமும் சுத்தமாக இருந்தால், எல்.ஏ.எம்.என்.-க்கு அந்த ஆபரேஷனே வைத்தியம், பெருங்குடலில் பாதியை வெட்ட வேண்டிய அவசியம்கூட இல்லை, வருஷா வருஷம் ஒரு ஸ்கேனும் ரத்தப் பரிசோதனையுமாகப் பார்த்துக்கொண்டிருந்தால் போதும் என்று அந்தப் பெரிய ஊர் டாக்டர் சொன்னபோது நான் வெளியே போய் டீக்கடையில் நின்றுகொண்டேன். 1,200 ரூபாய்.

சரி, லேபுக்குப் போனால் மட்டும் போதுமா என்றால் அதுவும் இல்லை. குடல்வாலில் வழக்கமாக ரெண்டு மூன்று துண்டுதான் வெட்டிப் பார்ப்பார்களாம், இப்படிச் சளி இருந்தால் முழுசையும் பதித்துப் பார்க்க வேண்டுமாம். "மியூகோசீல்" என்று ஒற்றை வார்த்தையில் ரிப்போர்ட் வந்தால் திருப்பி அனுப்பிவிடுங்கள், அது வீங்கியிருக்கிறது என்று சொல்கிற வார்த்தை, ஏன் வீங்கியது என்று சொல்கிற வார்த்தை இல்லை. பெயர்க் குழப்பம் பெருங்குழப்பமாக இருந்ததால்தான் உலகம் முழுக்க இருக்கிற நிபுணர்கள் உட்கார்ந்து பேசி, 2016-இல் எதை எப்படி அழைப்பது என்று ஒரு பொதுப் பட்டியலே போட்டிருக்கிறார்கள். நம் ஊர் ரிப்போர்ட்டிலும் அந்தப் பெயர்கள் வரட்டும். மகப்பேறு மருத்துவர்களுக்கும் ஒரு வார்த்தை: சினைப்பையில் சளிக்கட்டி, வயிறு நிறைய ஜெல்லி என்று கண்டால் குடல்வால் பக்கம் ஒரு பார்வை பாருங்கள். பி.எம்.பி. என்ற பெயரை 1884-இல் வெர்த் என்பவர் வைத்ததே சினைப்பைக் கட்டியோடு சேர்த்துத்தான், அந்தக் குழப்பத்துக்கு 140 வயது.

அக்காவுக்குக் கடைசியாக நடந்த ஆபரேஷன் 11 மணி நேரம். வாஷிங்டனில் பால் சுகர்பேக்கர் என்ற சர்ஜன் உருவாக்கிய முறை அது. வயிற்றின் உள்சவ்வை ஜெல்லி ஒட்டிய இடத்திலெல்லாம் உரித்து, ஒமெண்டம் என்கிற கொழுப்புத் திரை, மண்ணீரல், கருப்பை, சினைப்பைகள், வலதுபக்கப் பெருங்குடல் எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, கண்ணுக்குத் தெரிந்த கட்டி எதுவும் மிச்சமில்லை என்ற பிறகு, மைட்டோமைசின் மருந்தைக் கலந்த திரவத்தை 42 டிகிரிச் சூட்டில் வயிற்றுக்குள் ஒன்றரை மணி நேரம் சுழல விட்டார்கள், இதற்குத்தான் ஹைபெக் என்று பெயர். மண்ணீரல் போனதால் தடுப்பூசிகள் தனி. பதினெட்டு நாள் கழித்து அக்கா ஒரு டம்ளர் ரசம் சாதம் குடித்தாள், சாப்பிட்டாள் என்று சொல்ல முடியாது, கரைத்துக் கொடுத்ததைக் குடித்தாள். 2012-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், 16 சிறப்பு மையங்களில் இப்படிச் சிகிச்சை எடுத்த 2,298 பேரைக் கணக்குப் போட்டதில், நூற்றுக்கு 63 பேர் பத்து வருஷத்தைத் தாண்டியிருக்கிறார்கள். கணக்கன் என்பதால் அந்த எண்ணை நான் அடிக்கடி எடுத்துப் பார்ப்பேன், மிச்சம் 37-ஐயும் சேர்த்துத்தான்.

அதனால் ஜெல்லியைப் பார்த்தால் அள்ளி அள்ளி எடுத்துவிட்டு மூடாதீர்கள். ஒவ்வொரு தடவை திறக்கும்போதும் ஒட்டுத்திசு கூடி அடுத்த சர்ஜனுக்கு வேலை கடினமாகிறது. ஒரு துண்டு பயாப்சி எடுத்துவிட்டு, இதையே தொழிலாகச் செய்கிறவர்களிடம் அனுப்பிவிடுங்கள். வீரியம் குறைந்த வகைக்குக் கைநரம்பில் ஏற்றுகிற கீமோவால் பெரிய பலன் இல்லை என்று தெரிந்திருந்தால் அக்காவின் ஆறு சைக்கிளாவது மிச்சமாகியிருக்கும்.

இன்னொன்று. குடல்வாலைச் சுற்றிச் சீழ்கட்டி என்று வருகிறவர்களுக்கு ஆன்டிபயாட்டிக் கொடுத்துச் சரியானதும் "இனி ஆபரேஷன் வேண்டாம்" என்று அனுப்புகிறீர்கள் அல்லவா? பின்லாந்தில் அப்படிப்பட்டவர்களை வைத்து ஓர் ஆய்வு நடத்தினார்கள், 60 பேரில் 10 பேருக்குக் குடல்வாலில் கட்டி கண்டு, ஆய்வையே பாதியில் நிறுத்திவிட்டார்கள், அப்புறம் இன்னும் ரெண்டு பேருக்கும் தெரியவந்து மொத்தம் 12 ஆனது. 12 பேருமே 40 வயதைத் தாண்டியவர்கள். 2019-இல் வெளிவந்தது.

நான் கேட்பது பெரிய திட்டம் எதுவும் இல்லை. உங்கள் சங்கக் கூட்டத்தில் பேசி, குடல்வால் ஆபரேஷன் பேக்கேஜிலேயே பயாப்சிக் கட்டணத்தைச் சேர்த்துவிடுங்கள். தனி வரியாகப் போடாதீர்கள், போட்டால் என்னைப் போல ஒருத்தன் அந்த வரியை அடித்துவிடுவான். பாட்டில் எங்கள் கைக்கு வரவே வேண்டாம், தியேட்டரிலிருந்து நேராக லேபுக்குப் போகட்டும். சம்மதப் படிவத்தில் "எடுக்கப்படும் உறுப்பு பரிசோதனைக்கு அனுப்பப்படும்" என்று ஒரு வரி இருந்தால் போதும். அதை நாங்கள் படிக்கக்கூட மாட்டோம், நீங்கள் விரல் வைத்துக் காட்டுகிற இடத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவோம், எப்படியும் அதைத்தானே செய்கிறோம்.