நெடுஞ்சுடருக்கு ஒரு விலை

சாட்ஸ்வொர்த், டர்பன்

அன்புத் தோழிக்கு,

லெனேசியாவில் குளிர் எப்படி? இங்கே டர்பனில் ஸ்வெட்டர் போட்டால் வியர்க்கிறது, கழற்றினால் நடுங்குகிறது. ஆடிக் கூழுக்கு மாரியம்மன் கோயிலில் ஆள் போதவில்லை என்று என்னையும் பிடித்துப் போட்டுவிட்டார்கள்; கிண்டிக் கிண்டித் தோள்பட்டை போயிற்று. மற்றபடி எல்லோரும் சௌக்கியம்.

சரி, உன் கதைக்கு வருகிறேன். நெடுஞ்சுடர், குறுஞ்சுடர் என்று இரண்டு சூரியன்கள், அவற்றின் காந்தக் கோடுகளைக் கண்ணால் காணும் இழையர் கூட்டம். நன்றாகப் பிடித்திருக்கிறாய். கிழவி வானத்து இழையைச் சுண்டியதும் கோட்டை வாசல் பொடியாகிற இடத்தில் என் பேரன் எழுந்தே நின்றுவிட்டான். எனக்குத்தான் ஒரு குறை. இழுக்கிறாள், இழுத்துக்கொண்டே இருக்கிறாள், யாருக்கும் எதுவும் குறையவில்லை. விலை இல்லாத மந்திரம் இரண்டு சண்டைக்குமேல் தாங்காது.

அந்த விலைக்காக நீ மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம், நம் சூரியனிடமே இருக்கிறது. அது கெட்டிப் பந்து இல்லையே. நடுக்கோட்டுப் பக்கம் சுமார் 25 நாளில் ஒரு சுற்று முடிக்கும், துருவப் பக்கம் 30 நாளுக்கு மேல் எடுத்துக்கொள்ளும். இந்த இழுபறியில் காந்தக் கோடுகள் முறுக்கேறி, அங்கங்கே பிதுங்கிக்கொண்டு வெளியே வருகிற இடங்கள்தான் கரும்புள்ளிகள். அவற்றில் காந்தப்புலம் இருப்பதை அமெரிக்க வானியலாளர் ஜார்ஜ் எல்லரி ஹேல் 1908இல் கண்டுபிடித்தார். அங்கே 3,000 காஸ் வரை போகும் (காஸ் என்பது காந்தப்புலத்தை அளக்கும் அலகு). நம் காலடியில் பூமியின் புலம் ஒரு காஸ்கூடத் தேறாது. விலை எங்கே என்கிறாயா? சூரியனிலிருந்து ஓயாமல் ஒரு காற்று வீசுகிறது. காந்தக் கோடுகள் அதை வெகுதூரம் வரை பிடித்துச் சுழற்றுகின்றன. பிடி விட்டு வெளியேறும்போது அது சூரியனின் சுழற்சியில் கொஞ்சத்தையும் எடுத்துக்கொண்டு போய்விடுகிறது. இளமையில் சில நாளுக்கு ஒரு முறை சுற்றியது இன்று இவ்வளவு நிதானமானது அதனால்தான். சுழற்சி குறையக் குறையக் காந்தமும் தளரும்.

ஆகவே இழையர் ஒவ்வொரு முறை சுண்டும்போதும் நெடுஞ்சுடர் ஒரு துளி மெதுவாகட்டும். விதைநெல்லைக் குத்தித் தின்கிற வேலை இது. பாட்டன் காலத்தில் ஒரு கையசைப்பில் மலை பிளந்தது, இன்று நாள் முழுக்க இழுத்தாலும் கதவுதான் உடைகிறது. காரணம் கிழவிக்கு மட்டும் தெரியும், வாயைத் திறக்கமாட்டாள். அப்புறம் பார், அவள் கை தூக்கும்போதெல்லாம் படிக்கிறவனுக்கு வயிறு கலங்கும்.

குறுஞ்சுடரைச் சாதுவாக விட்டிருப்பதும் எனக்கு ஒப்பவில்லை. சின்னச் சிவப்பு விண்மீன்கள்தான் பொல்லாதவை. மையம் முதல் மேற்பரப்பு வரை முழுக்கக் கொதித்துப் புரள்கிறவை அவற்றில் உண்டு. சிலவற்றின் காந்தப்புலம் ஆயிரக்கணக்கான காஸ். நமக்கு மிக அருகிலிருக்கும் புராக்சிமா சென்டாரியும் அந்த ஜாதிதான், திடீர் திடீரென்று சீறும். சீற்றத்தின் வெளிச்சம் முதலில் வரும், துகள் புயல் பின்னால் வரும். வானம் பளிச்சிட்டதும் ஆடுமாடுகளை ஓட்டிக்கொண்டு மக்கள் நிலவறைக்கு ஓடும் அந்த இடைவெளியிலேயே நீ ஒரு முழு அத்தியாயம் எழுதலாம்.

வில்லன் எழுப்பப்போகும் செத்த விண்மீனைப் பற்றி ஒரு வார்த்தை. பெரிய விண்மீன் ஒன்று ஒரு நகரத்தின் அளவுக்குச் சுருங்கும்போது காந்தப்புலமும் சேர்ந்து நெருங்கிவிடும். மேக்னடார் என்கிற வகையில் 1,00,000 கோடி காஸையும் வெகுவாகத் தாண்டும். பக்கத்தில் போனால் உடம்பிலுள்ள அணுக்களே வடிவம் குலைந்துவிடும், ஆகையால் உன் நாயகி அதன்மேல் நடந்து போவதெல்லாம் வேண்டாம். 2004 டிசம்பர் 27 அன்று அப்படிப்பட்ட ஒன்று வெடித்தது. சூரியன் ஒரு லட்சம் ஆண்டுகளில் தருவதைவிட அதிக ஆற்றல், ஒரு விநாடிக்கும் குறைவான நேரத்தில். பால்வீதியின் எங்கோ ஒரு மூலையில் நடந்தது நம் பூமியின் மேல்வளிமண்டலத்தையே அசைத்தது. சுனாமிக்கு மறுநாள் அது. நாம் எல்லோரும் நாகப்பட்டினத்துச் செய்திக்காக டிவி முன்னால் உட்கார்ந்திருந்தோம், வானத்தை யார் பார்த்தார்கள்?

இழையர் பயிற்சி பெறும் ஊருக்கு நம் மேற்கு கேப் கடற்கரையிலுள்ள ஹெர்மானஸை மாதிரியாக வைத்துக்கொள். கேப் டவுனில் மின்சார ரயில் ஓடத் தொடங்கியதும் காந்த அளவுகள் கெட்டுப்போகின்றன என்று அங்கிருந்த ஆய்வகத்தை 1941இல் ஹெர்மானஸுக்கு மாற்றினார்கள். உன் ஊரிலும் இரும்பு நுழையக்கூடாது. கதவுக்கு மர முளை, அரிவாளுக்கு வெண்கலம், வாசலில் பெண்களின் கொண்டை ஊசியைக்கூடக் கழற்றி வாங்கி வைக்கும் காவல்காரி. அவளுக்கு ஒரு நல்ல வாய்த்துடுக்கும் கொடு, இந்தக் கதையில் சிரிக்க ஆளே இல்லை.

2024 மே மாதம் மேற்கு கேப் வானம் இளஞ்சிவப்பானது நினைவிருக்கிறதா? அதுவும் சூரியப் புயல்தான். இழையருக்கு வானம் எந்த நிறத்தில் தெரியும் என்று நீ எங்கேயும் எழுதவில்லை. யோசித்து எழுது.

அடுத்த அத்தியாயத்தைக் கொஞ்சம் பெரிய எழுத்தில் அனுப்பு. போனில் படித்துக் கண் போகிறது. கிழவியைக் கொல்வதாக இருந்தால் முன்கூட்டியே எனக்கு மட்டும் சொல்லிவிடு, பேரனை நான் தயார் செய்யவேண்டும்.

அன்புடன்,
உன் சோடாபுட்டி