அமெரிக்காவில் நெப்ராஸ்கா மாநிலத்து லிங்கன் நகரில் இருக்கும் மகளுக்கு

கும்பகோணம்
மாசி மாதம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் சௌக்கியம். அம்மாவின் முழங்கால் வலி முன்னைக்குத் தேவலை. நீ அனுப்பிய படங்கள் வந்து சேர்ந்தன. பனியில் சிவப்புக் கோட்டுடன் நிற்பது, ஆபீசில் கேக் வெட்டுவது, புதுக் காருக்குப் பக்கத்தில் நிற்பது என்று எல்லாவற்றையும் அம்மா பக்கத்து வீட்டு மாமிக்குக் காட்டிவிட்டாள். பொங்கலன்று நீ கூப்பிடவில்லை. வேலை இருந்திருக்கும், சரி. காலுக்குக் கம்பளி உறை போட்டுக்கொள். பனி பெய்யும் ராத்திரியில் வண்டி ஓட்டாதே.

போன தடவை வந்தபோது அமெரிக்க மேற்குப் பகுதி ஓவியங்கள் பற்றி ஒரு தடிப் புத்தகம் கொண்டு வந்தாயே, பெட்டியில் எடை கூடிவிட்டது என்று உன் புடவைகளை எடுத்து வைத்துவிட்டு. அதைத்தான் மார்கழியிலிருந்து படித்துக்கொண்டிருக்கிறேன். புத்தகத்தில் சின்னதாகப் போட்டிருக்கும் படங்களைச் சின்னவன் கம்ப்யூட்டரில் பெரிதாக்கிக் காட்டுகிறான். முப்பது வருஷம் பிள்ளைகளுக்கு டிராயிங் சொல்லிக் கொடுத்தவனுக்கு இதெல்லாம் பெரிய விருந்து. அதுவும் நீ இருக்கிற மண்ணின் கதை.

ஆல்பர்ட் பியர்ஸ்டாட் என்று ஒருவர். ஜெர்மனியில் பிறந்தவர். 1859-இல் அரசாங்கம் அனுப்பிய சாலை அளவைக் குழுவுடன் சேர்ந்து ராக்கி மலைகளுக்குப் போனார். அங்கே குறித்துக்கொண்டு வந்ததை நியூயார்க்கில் தன் ஸ்டூடியோவில் வைத்து 1863-இல் பத்தடி அகல ஓவியமாக முடித்தார். பின்னால் வெள்ளி மாதிரி சிகரம், நடுவில் ஒரு அருவி, அருவியின் மேல் மட்டும் வெயில், முன்னால் ஷோஷோனி என்ற பூர்வகுடி மக்களின் கூடாரங்கள். இரண்டு வருஷத்தில் 25,000 டாலருக்கு விலைபோனது. கை சுத்தம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் வெயில் எங்கே விழவேண்டும் என்று முடிவு செய்தது சூரியன் இல்லை, அவர். அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு மேற்கே கிளம்பிய ஒருவன் அங்கே போய் எதைத் தேடியிருப்பான் சொல்.

தாமஸ் மோரனை எனக்கு இவரைவிடப் பிடிக்கும். 1871-இல் யெல்லோஸ்டோன் போனார். அவருடைய வாட்டர்கலரும் உடன்போன ஜாக்சனின் புகைப்படங்களும் வாஷிங்டனில் பெரியவர்கள் மனதை அசைத்தன. மறு வருஷமே அந்த இடம் தேசியப் பூங்கா ஆனது. ஒரு வாட்டர்கலருக்கு இதைவிட என்ன மரியாதை வேண்டும்? நீ போட்ட வாட்டர்கலர்கள் எல்லாம் இன்னும் பின்கட்டு அலமாரியில்தான் இருக்கின்றன, கரையான் படாமல் பார்த்துக்கொள்கிறேன். அங்கே பிரஷ்ஷைத் தொடுகிறாயா?

அதே 1872-இல் ஜான் காஸ்ட் என்பவர் ஒரு படம் போட்டார். பயண வழிகாட்டிப் புத்தகம் போடுகிற ஒருவர் கேட்டு வாங்கியது. வெள்ளை உடுத்திய ஒரு பெண் ஆகாயத்தில் மிதந்து மேற்கே போகிறாள். கையில் பள்ளிப் புத்தகம், கூடவே தந்திக் கம்பி. பின்னால் ரயில் வருகிறது. முன்னால் பூர்வகுடி மக்களும் காட்டெருமைகளும் இருட்டுக்குள் ஓடுகிறார்கள். குடியிருந்தவனைத் துரத்துவதை இவ்வளவு அழகாகப் போட ஒரு கை எப்படி வந்தது என்று எனக்குக் கோபமே வந்துவிட்டது. கார்ல் போட்மர் என்ற ஓவியர் அப்படிச் செய்யவில்லை. 1833-34 குளிர்காலம் முழுக்க மிசௌரி ஆற்றங்கரையில் தங்கி, மாண்டன் என்ற பூர்வகுடியின் தலைவர் மாட்டோ டோப்பேயை உட்காரவைத்து, முகத்தில் ஒவ்வொரு கோட்டையும் மதித்து வரைந்தார். 1837-இல் பெரியம்மை வந்து அந்தத் தலைவரும் போனார், அந்தக் குடியில் பெரும்பாலானவர்களும் போனார்கள். இன்று அவர் முகம் நமக்குக் கிடைப்பது ஒரு ஓவியன் பொய் சொல்லாமல் உட்கார்ந்து வரைந்ததால்.

சரி, நான் சொல்லவந்தது வேறு. உன் ஊர் ஆவணக் காப்பகத்திலேயே இருக்கிற ஒரு புகைப்படம். சாலமன் புட்சர் என்று ஒருவர், அவரும் நிலம் கிடைக்கும் என்று நெப்ராஸ்காவுக்கு வந்தவர்தான். விவசாயம் ஒத்துவரவில்லை. 1886-லிருந்து குதிரை வண்டியில் கேமராவை ஏற்றிக்கொண்டு கஸ்டர் கவுண்டி என்ற மாவட்டம் முழுக்க வீடுவீடாகப் போய்க் குடும்பங்களைப் படமெடுத்தார். 1899-இல் அவர் வீடே எரிந்துபோயிற்று, ஆனால் கண்ணாடி நெகட்டிவ்கள் தானியக் கிடங்கில் இருந்ததால் தப்பின.

1862-இல் போட்ட சட்டப்படி, ஐந்து வருஷம் அங்கேயே குடியிருந்து பயிர் செய்தால் 160 ஏக்கர் சொந்தம். வந்து பார்த்தால் மரமே கிடையாது. பலகைக்கு எங்கே போவது? புல்தரையை வேரும் மண்ணுமாக ஏரால் அறுத்து, நீளநீளமாக வெட்டி, செங்கல் மாதிரி அடுக்கி வீடு கட்டினார்கள். குளிருக்குக் கதகதப்பு, வெயிலுக்குக் குளிர்ச்சி. ஆனால் மழை பெய்தால் வெளியே நின்ற பிறகும் உள்ளே சொட்டிக்கொண்டே இருக்கும். கூரையிலிருந்து மண்ணும் பூச்சியும் விழும், சமயத்தில் பாம்பும் விழும். சோற்றில் விழாமல் இருக்க மேலே துணி கட்டிவைப்பார்கள்.

புட்சர் ஹில்டன் என்ற குடும்பத்தைப் படமெடுக்கப் போனார். அந்த அம்மாளும் மூத்த பெண்ணும் வீட்டுக்கு முன்னால் நிற்கமாட்டோம் என்றுவிட்டார்கள். கிழக்கே ஊரில் இருக்கிற உறவும் சிநேகிதமும் இந்த மண் வீட்டைப் பார்த்துவிடக் கூடாது. ஆனால் வீட்டுக்குள் காலால் மிதித்து வாசிக்கிற ஒரு ஆர்கன் இருந்தது. அது இருப்பது மட்டும் அவர்களுக்குத் தெரியவேண்டும். அதனால் ஆர்கனைத் தூக்கிக்கொண்டு வந்து வெட்டவெளியில் வைத்து, அதைச் சுற்றிக் குடும்பமே நின்றது. படம் எடுத்து முடிந்ததும் திரும்ப உள்ளே கொண்டுபோய் வைத்துவிட்டார்கள்.

அந்தப் படத்தைச் சின்னவனைப் பெரிதாக்கச் சொல்லி வெகுநேரம் பார்த்தேன். செதுக்கு வேலை செய்த நல்ல ஆர்கன், கச்சேரி மேடையில் இருக்கவேண்டியது, மாடு கட்டுகிற இடத்துப் பக்கம் புழுதியில் நிற்கிறது. எல்லோரும் இருப்பதில் நல்ல உடுப்பாகப் போட்டிருக்கிறார்கள். வீடு எங்கே என்று தேடினால் படத்தில் இல்லை. இந்தப் படத்தைக் கையில் வாங்கிய தாய் தகப்பன் கிழக்கே யாராவது இருந்திருந்தால், ஆர்கனைப் பார்த்துச் சந்தோஷப்பட்டிருப்பார்களா, வீட்டைத் தேடியிருப்பார்களா? நான் வீட்டைத்தான் தேடியிருப்பேன்.

பாப்பா, நீ அனுப்புகிற படம் எதுவும் வீட்டுக்குள் எடுத்ததாக இல்லை. தீபாவளிக்கு முன்னால் அப்படி இல்லை. அந்த வாசல் பூசணிக்காய் படத்தில் மாப்பிள்ளை இருந்தார், கோலமும் தெரிந்தது. நான் எதையும் கேட்கவில்லை. மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல். அவருக்கு வேலை அதிகமாக இருக்கும். புதுக் கார் உன் பெயரில்தானே வாங்கினாய்? அந்தக் குளிரில் தனியாக வண்டி ஓட்டிப் போய், அத்தனை பேருக்குத் தலைமை தாங்கி, கேக் வெட்டுகிற அளவுக்கு நீ வந்திருப்பதை நினைத்தால் எனக்குக் கர்வமாகத்தான் இருக்கிறது. ஊரில் எல்லோரிடமும் சொல்கிறேன். ஆனால் படத்தை அனுப்பிவிட்டு ஒரு வார்த்தை பேசாமல் இருப்பது உன் சுபாவம் இல்லையே. பத்தாவது பரீட்சை முடிந்ததும் கேள்வித்தாளோடு கடைத்தெருவில் என்னைத் தேடிக்கொண்டு வந்தவள் நீ.

எழுத்துக்காரர்களும் அந்த ஹில்டன் குடும்பம் மாதிரி மறைக்கத்தான் செய்தார்கள். லாரா இங்கல்ஸ் வைல்டர் அறுபத்தைந்து வயதில் முதல் புத்தகத்தைக் கொண்டுவந்து, உலகம் முழுக்கப் பிள்ளைகள் படிக்கிற கதைகளைக் கொடுத்தார். 1880-81 குளிர்காலத்தில் பனியில் ரயில் நின்றுபோய், விறகு இல்லாமல் வைக்கோலை முறுக்கி எரித்து, காபிக்கொட்டை அரைக்கிற மிஷினில் கோதுமை அரைத்துச் சாப்பிட்டதையெல்லாம் கண்முன் நிறுத்துகிறார். ஆனால் அவருக்கு ஒரு தம்பி பிறந்து 1876-இல் ஒன்பது மாதத்தில் போய்விட்டான். அந்தக் குழந்தை அந்த நாவல்களில் இல்லை. பிள்ளைகளுக்கான கதையில் வேண்டாம் என்று நினைத்திருப்பார், புரிகிறது. இருந்தாலும் அந்தத் தாய் எங்கே போய் அழுதாள் என்று எனக்குத் தெரிந்தாகவேண்டும் போலிருந்தது. நம் வீட்டில் அத்தை விஷயத்தை யாரும் எடுக்காமல் எடுக்காமல் என்ன ஆயிற்று என்று உனக்குத் தெரியும்.

ரோல்வாக் என்ற நாவலாசிரியர் மறைக்கவில்லை. நார்வேயிலிருந்து போனவர், தன் தாய்மொழியிலேயே ஒரு நாவல் எழுதினார், 1927-இல் ஆங்கிலத்தில் வந்தது. அதில் பெரெட் என்று ஒரு பெண். புருஷன் கெட்டவன் இல்லை, உழைப்பாளி, நிலம் நிலம் என்று பறக்கிறவன். அவளுக்கோ அந்தச் சமவெளியில் ஒளிந்துகொள்ள ஒரு மரம்கூட இல்லையே என்று பயம். ராத்திரியில் ஜன்னலைத் துணியால் மூடுகிறாள். ஊரிலிருந்து கொண்டு வந்த பெரிய மரப்பெட்டிக்குள் ஒருநாள் பிள்ளைகளோடு இறங்கி உட்கார்ந்துவிடுகிறாள். அவளுடைய தாய் தகப்பன் ஒருவருக்கும் இது தெரியாது. ஓவியக்காரர்கள் நூறு குதிரை போட்டார்கள், இந்தப் பெண்ணை ஒருத்தரும் போடவில்லை. சின்னவன் ஒவ்வொரு பக்கமாகத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தான். அந்த இடத்தில் அம்மா எழுந்து போய்விட்டாள்.

நீ அங்கே யாரோடாவது பேசுகிறாயா? கோயிலுக்கு எப்போதாவது போ. கம்பளி உறை போட்டுக்கொள். ஒருவேளையாவது சுடச்சுட ரசம் வைத்துச் சாப்பிடு.

இன்னொன்று சொல்லிவிடுகிறேன். மொண்டானாவில் சார்லி ரஸ்ஸல் என்று ஒரு பையன், பதினாறு வயதில் மாடு மேய்க்கப் போனவன். 1886-87 குளிர்காலத்தில் அங்கே மாடுகள் கூட்டங்கூட்டமாகச் செத்தன. மாட்டுக்குச் சொந்தக்காரர் ஊரிலிருந்து விசாரித்து எழுதினார், மாடெல்லாம் எப்படி இருக்கின்றன என்று. என்ன பதில் எழுதுவது என்று பண்ணையில் இருந்தவர்கள் யோசித்துக்கொண்டிருந்தபோது, ரஸ்ஸல் தபால் கார்டு அளவு அட்டையில் ஒரு மாட்டை வரைந்தான். விலா எலும்பு எண்ணலாம். தலை தொங்கி, கால் பனியில் புதைந்து நிற்கிறது. சுற்றிலும் ஓநாய்கள் காத்திருக்கின்றன. சிக்கனமான கோடு, கொஞ்சம் வர்ணம், பின்னால் மலையில்லை, அருவியில்லை. அதைத்தான் பதிலாக அனுப்பினார்கள். பிற்பாடு அவர் பெரிய ஓவியராகி எத்தனையோ கேன்வாஸ் போட்டார், சிநேகிதர்களுக்குக் கடிதத்திலேயே படம் வரைந்து அனுப்பிக்கொண்டிருந்தார். எனக்கு அந்தச் சின்ன அட்டைக்கு மேல் எதுவும் இல்லை. நஷ்டத்தைச் சொல்லவேண்டிய இடத்தில் நஷ்டத்தைச் சொன்ன கை அது.

எனக்கும் அப்படி ஒன்று அனுப்பு. வரைந்துதான் அனுப்பவேண்டும் என்றில்லை. அம்மாவிடம் காட்டவேண்டியதில்லை, மாமியிடம் நிச்சயமாக இல்லை.

மாடி ரூமுக்கு வெள்ளையடித்து, மழை ஒழுகிய இடத்தில் சிமெண்ட் பூசியாயிற்று. நீ படம் வரைகிற ஸ்டாண்டு ஜன்னல் ஓரத்தில் இருக்கிறது. லீவு கிடைத்தால் பங்குனியில் வா. மாப்பிள்ளைக்குத் தோதுப்படாவிட்டால் நீ மட்டும் வா, யாரும் ஒன்றும் கேட்கமாட்டார்கள், கேட்டால் நான் பார்த்துக்கொள்கிறேன். டிக்கெட்டுக்குப் பணம் வேண்டுமென்றால் என் பென்ஷன் கணக்கில் எடுக்காமல் கிடக்கிறது.

காலை ஐந்தரைக்கு நான் எழுந்து திண்ணைக்கு வந்துவிடுவேன். உனக்கு அப்போது முந்தின நாள் சாயங்காலம் ஆறு மணி. போன் என் பக்கத்தில்தான் இருக்கும். அம்மா மாத்திரை போட்டுக்கொண்டு தூங்குவதால் ஏழு மணிக்குத்தான் எழுந்திருக்கிறாள்.

அன்புடன்,
அப்பா