வயலின் வகுப்பு அறையின் ஒழுகும் கூரையைச் சரிசெய்து தரக் கோரி மூன்றாவது மனு

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். லால்குடி தங்களுக்குப் புதிதல்ல. சப்தரிஷீஸ்வரர் கோயிலுக்குப் போகும்போது எங்கள் ஓட்டுக் கட்டடத்தைத் தாண்டித்தான் போயிருப்பீர்கள்; வாசலில் பிள்ளைகளின் சைக்கிள்கள் சாய்ந்து நிற்கும். அதன் பின்னறையில் மாலை வேளைகளில் பதினெட்டுப் பிள்ளைகள் வயலின் கற்கிறார்கள். கூரை ஒழுகுவது பற்றி இதற்கு முன் இரண்டு மனு கொடுத்தோம். ரசீது இருக்கிறது, பதில் இல்லை.

1. இந்த ஊர்ப் பெயரை உலக மேடைகளுக்குக் கொண்டுபோனவர் வயலின் மேதை லால்குடி ஜெயராமன். 1930 செப்டம்பர் 17 அன்று பிறந்தவர். தியாகராஜரின் சீடர் ராமய்யர் வழிவந்த குடும்பம். தந்தை வி.ஆர். கோபாலய்யரிடம் கற்று, 12 வயதில் பக்கவாத்தியமாக மேடையேறினார்.

2. அரியக்குடி, செம்பை, செம்மங்குடி, ஜி.என்.பி., மதுரை மணி என்று பெரிய பாடகர்கள் அத்தனை பேருக்கும் பக்கவாத்தியம் வாசித்தார். 1966இல் என். ரமணியின் குழலையும் ஆர். வெங்கட்ராமனின் வீணையையும் சேர்த்துக்கொண்டு வயலின்-வேணு-வீணைக் கச்சேரியைத் தொடங்கினார். அவருடைய தில்லானாக்கள் இல்லாத நாட்டிய மேடை குறைவு. பத்மஸ்ரீ 1972, பத்மபூஷண் 2001. இதையெல்லாம் ஏன் எழுதுகிறேன் என்றால், போன முறை மனுவை வாங்கிக்கொண்டவர், "வயலின் கிளாஸுக்கெல்லாம் எதுக்கும்மா கவர்ன்மென்ட் கட்டடம்?" என்று கேட்டார். லால்குடியில் உட்கார்ந்துகொண்டு கேட்டார், ஐயா.

3. இனி கூரை. ஐப்பசி பிறந்தால் தண்ணீர் நேராகத் தரையில் விழுகிறது. மேற்கத்திய முறை என்றால் நின்றுகொண்டே வாசித்துவிடலாம். நம் பிள்ளைகள் தரையில் சம்மணமிட்டு, வயலினின் தலைப்பகுதியை வலது பாதத்தில் ஊன்ற வேண்டும். ஈரத்தரையில் எப்படி உட்காருவது? ஜமுக்காளம் விரித்தோம், ஊறிவிட்டது. பிளாஸ்டிக் பாய் போட்டோம், அடியில் தண்ணீர் தேங்குகிறது. காய்ந்த மூலையில் ஆறு பேர்தான் உட்காரலாம். மீதிப் பன்னிரண்டு பேர் வயலினை மடியில் அணைத்தபடி தாழ்வாரத்தில் முறைக்குக் காத்திருக்கிறார்கள். ஒரு மணி நேர வகுப்பில் ஒரு பிள்ளைக்கு இருபது நிமிடம். அதிலும் பாதி சுருதி சேர்ப்பதிலேயே போய்விடும். ஈரத்தில் பிரடை, அதாவது தந்தியை முறுக்கும் மரமுளை, ஊதி இறுகிவிடும். பலமாகத் திருகினால் தந்தி தெறித்துவிடும். வெயில் அடித்தால் அதே பிரடை சுருங்கி வழுக்கும். வில்லின் குதிரைமுடி தொய்ந்து போகும். வயலின் பலகைகளைச் சேர்த்துப் பிடிப்பது ஆணியல்ல, பசை. அது ஈரத்தில் இளகும். போன மழையில் இரண்டு வயலின்கள் ஓரம் விட்டுவிட்டன. ஒன்று, பூ கட்டி விற்கும் ஒரு தாய் சீட்டுப் பணத்தில் மகளுக்கு வாங்கிக் கொடுத்தது. அந்தப் பெண் இப்போது வெறும் கையால் ஸ்வரம் பாடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். என்னால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

4. 1965இல் ஸ்காட்லாந்தின் எடின்பரோ விழாவுக்குப் போனார் ஜெயராமன். அவர் வாசிப்பில் மயங்கிய மேற்கத்திய வயலின் மேதை யெகுதி மெனுஹின் தன்னுடைய இத்தாலிய வயலின் ஒன்றையே பரிசாகக் கொடுத்தார். அந்த வயலினை இந்த அறையில் ஒரு கார்த்திகை மாதம் வைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? எங்கள் பிள்ளைகளுக்கு இத்தாலிய வயலின் வேண்டாம். இருக்கிற வயலின் நனையாமல் இருந்தால் போதும்.

5. சிலை கேட்கவில்லை. மண்டபம் கேட்கவில்லை. ஓடு மாற்ற வேண்டும், அவ்வளவுதான்!

6. "எஸ்டிமேட் போட்டிருக்கிறோம்" என்றார்கள் அலுவலகத்தில். சரி, காத்திருந்தோம். மழை வந்து போய்விட்டது. அடுத்த மழையும் வரப்போகிறது.

கோபத்தில் ஏதும் கூடுதலாக எழுதியிருந்தால் பொறுத்தருள வேண்டும். ஐப்பசிக்கு முன் ஒருமுறை நேரில் வந்து பார்த்து, கூரையைச் சரிசெய்து தருமாறு மீண்டும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
பெற்றோர் சார்பில், வயலின் ஆசிரியை
லால்குடி

பி.கு.: ஒழுகுவது வாசலிலிருந்து மூன்றாவது உத்தரத்துக்கு மேலே. ஆள் அனுப்பினால் போதும், ஏணி எங்களிடம் இருக்கிறது.