‘மற்றும் பலர்’ பட்டியலில் டெல்லி கணேஷ்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். துணை நடிகர்களைப் பற்றி ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையில் டெல்லி கணேஷுக்குக் கிடைத்தது மூன்றே வரி. அதிலும் ‘நானூறுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்த நகைச்சுவை நடிகர்’ என்று ஒரு முத்திரை. அவர் சிரிக்க வைத்தவர்தான், யார் மறுத்தார்கள்? ஆனால் ‘பசி’யை ஒரு தரமாவது பார்த்தவர்கள் அவரை இப்படி ஒரே வார்த்தையில் கட்டிவைக்க மாட்டார்கள்.

துரை இயக்கி 1979-ல் வந்த படம் அது. ஷோபாவின் தகப்பனாக, ரிக்‌ஷாக்காரர் முனியாண்டியாக வருவார் கணேஷ். இத்தனைக்கும் அவர் திருநெல்வேலிச் சீமைக்காரர். வல்லநாட்டில் பிறந்து, 1964 முதல் பத்தாண்டுகள் விமானப்படையில் வேலை பார்த்து, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் மேடையேறியவர். அந்த மனிதர் வாயிலிருந்து சென்னைக் குடிசைப் பகுதியின் தமிழ் அப்படி வரும். எங்கேயும் ஒட்டவைத்தது போலத் தெரியாது. ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்தது, பொருத்தம்தான். கணேஷுக்கு மாநில அரசின் சிறப்புப் பரிசு. அன்றைக்குத் தேசிய விருதுகளில் துணை நடிகருக்கென்று ஒரு பிரிவே கிடையாது. 1984-ம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் அது தொடங்கியது. அதற்குப் பிறகும் நாற்பது ஆண்டுகள் நடித்தார். தேசிய விருதுதான் அவர் பக்கம் வரவில்லை.

அவருடைய பலம் காதுதான் என்பது என் கட்சி. ஊர்ப் பேச்சைக் கேட்டு உள்வாங்கிக்கொள்கிற காது. இரண்டு சமையற்காரர்களை எடுத்துக்கொள்ளுங்கள். ‘மைக்கேல் மதன காமராஜன்’ பாலக்காடு மணி ஐயர் ஒருவர். கிரேஸி மோகன் வசனத்தை அந்த மலையாள வாடையோடு இழுத்துப் பேசும்போது, பேசுகிற வேகத்துக்கு ஏற்பக் கண்ணும் உருளும். ‘ஆஹா’வில் வரும் சமையற்காரர் வேறு ரகம். பெண்ணைப் பெற்றவர், பணமில்லாதவர், பெரிய வீட்டு வாசலில் எங்கே நிற்பது என்று தெரியாமல் நிற்கிறவர். அங்கே குரல் பாதியாக இறங்கிவிடும். இரண்டு பேருக்கும் தொழில் ஒன்று, உடுப்பும் ஏறக்குறைய ஒன்று. அந்த ஐயரின் சாயல் இந்தத் தகப்பனிடம் ஒரு இடத்திலாவது தென்படுகிறதா, சொல்லுங்கள்.

‘சிந்து பைரவி’யில் குடிப்பழக்கத்தால் கச்சேரியை இழக்கும் மிருதங்க வித்வான் குருமூர்த்தி. எதிரே நிற்பது சிவகுமார் நடித்த பாடகர் ஜே.கே.பி. போதையில் இருப்பவரை நடிப்பதென்றால் தள்ளாடியே தீர வேண்டும் என்று நம் சினிமாவில் எழுதாத சட்டம் இருக்கிறது. இவர் தள்ளாட்டத்தை விட்டுவிட்டு அவமானத்தை நடித்தார். ‘அபூர்வ சகோதரர்கள்’ படத்தில் நாகேஷ், ஜெய்சங்கர், நாசரோடு நான்கு வில்லன்களில் ஒருவர். ‘நாயகன்’ ஐயரைப் பற்றி இங்கே யாருக்கும் நான் சொல்லத் தேவையில்லை. ‘எங்கம்மா மகராணி’யில் கதாநாயகனாகவும் ஒரு கை பார்த்தார், அந்த ஆசை நீடிக்காதது நமக்கு லாபம்.

சின்னத்திரையைக் கட்டுரையாளர் தொடவே இல்லை. ஒரு முகத்தை மூன்று கோணத்தில் மூன்று தடவை காட்டி, நடுவில் இடியும் முழக்கமும் சேர்க்கும் தொடர்களில்கூட அவர் பாட்டுக்கு நிதானமாகப் பேசிவிட்டுப் போவார். வயதான பிறகு, பெயர் தெரியாத இளைஞர்கள் எடுத்த குறும்படங்களுக்கும் போய் நடித்துக்கொடுத்தார். வேறுமொழி நடிகர்களுக்குக் குரல் கொடுத்த கதை தனி. திரையில் முகமே இல்லாத அந்த வேலையை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

2024 நவம்பரில் தமது 80-வது வயதில் அவர் மறைந்தபோது விமானப்படையினர் வந்து இறுதி மரியாதை செய்தார்கள். பத்தாண்டு வேலை பார்த்தவரை அவர்கள் மறக்கவில்லை. எங்கள் பக்கத்திலோ வல்லநாடு என்றால் வெளிமான் சரணாலயம் என்பார்கள். டெல்லி கணேஷின் ஊர் என்று சொல்லக் கேட்டதில்லை. பாலசந்தர் ‘பட்டினப் பிரவேசம்’ படத்தில் அறிமுகப்படுத்தியபோது பெயருக்கு முன்னால் டெல்லியைச் சேர்த்துவிட்டதால், சொந்த ஊருக்கு உரிமை போய்விட்டது போலும்.

கட்டுரையைத் திருத்தச் சொல்லி இதை எழுதவில்லை. வேறொரு வேண்டுகோள் இருக்கிறது. உங்கள் நாளிதழில் தினமும் ‘இன்றைய தொலைக்காட்சிப் படங்கள்’ பகுதி வருகிறது. நாயகன் பெயர், நாயகி பெயர், அதோடு ‘மற்றும் பலர்’. தொலைக்காட்சிக்காரர்கள் பெயர்ப் பட்டியலை வெட்டிவிட்டு விளம்பரத்துக்குப் பாய்கிறார்கள். கைபேசியில் பார்த்தால், பட்டியலைத் தாண்டிப் போகத் திரையிலேயே பொத்தான் வைத்திருக்கிறார்கள். எஞ்சியிருப்பது அச்சு ஒன்றுதான். ஒவ்வொரு படத்துக்கும் ‘மற்றும் பலரில்’ இரண்டு பேரையாவது பெயர் சொல்லிப் போடுங்கள். படத்துக்கு ஒரு வரி கூடுதலாகும், அவ்வளவுதான். இடம் போதவில்லை என்றால் பக்கத்திலேயே இருக்கும் ராசிபலனைக் கொஞ்சம் சுருக்கிக்கொள்ளலாம். எங்கள் வீட்டில் யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
தூத்துக்குடி