சரக்கு அடுக்கிக்கொண்டிருந்த அண்ணனுக்கு

சூப்பர்மார்க்கெட் தொழில் எப்படி நடக்கிறது என்று ஓர் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறேன். மேலாளர்கள் நன்றாகத்தான் பேசினார்கள். ஆனால் அலமாரி இடம் யாருக்கு, எப்படிக் கிடைக்கிறது என்று கேட்டதும் பேச்சு மாறிவிட்டது. சரி, கிளம்பலாம் என்று கேமராவை எடுத்து வைக்கும்போதுதான் நீங்கள் கூப்பிட்டீர்கள்.

நான் எதுவும் கேட்கவில்லை. நீங்களாகவே டிராலியை ஓரம் தள்ளிவிட்டுக் குந்தி உட்கார்ந்து, சீக்கிரம் காலாவதியாகும் பாக்கெட்டுகளை முன்னால் இழுத்து, புதுச் சரக்கைப் பின்னால் அடுக்கிக் காட்டினீர்கள். விரல் நுனி வெட்டிய கையுறை, தேதியைத் தடவிப் பார்க்கும் கட்டைவிரல்... அதெல்லாம் அப்படியே பதிவாகியிருக்கிறது. கண்ணுக்கு நேராக இருக்கும் தட்டில்தான் விற்பனை அதிகம், அந்த இடத்துக்காகப் பெரிய நிறுவனங்கள் கடைக்கே பணம் கட்டுவதும் உண்டு, கட்ட முடியாத சிறு தயாரிப்பாளரின் பொருள் கால்மட்டத்துக்குப் போய்விடும் என்றீர்கள். வரிசை முனையில் தனியாக நிற்கும் அடுக்கும் பல நேரம் அப்படி விற்ற இடம்தானாம். இதை இவ்வளவு தெளிவாக வேறு யாரும் எனக்குச் சொல்லவில்லை.

“முகம் வேண்டாம், கையை மட்டும் எடுங்க” என்றீர்கள். அப்படியே செய்திருக்கிறேன் அண்ணா. ரொம்ப நன்றி. இது உங்கள் கண்ணில் பட்டால் ஒரு வரி எழுதுங்கள். முதல் திரையிடலில் உங்களுக்கும் வீட்டாருக்கும் இடம் எடுத்து வைக்கிறேன்.