குறிலும் நெடிலும்: சித்தப்பாவுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

போன் பண்ணினால் சித்திதான் எடுக்கிறார். "தூங்குறாரும்மா" என்கிறார். மத்தியானமும் தூக்கம், ராத்திரி எட்டு மணிக்கும் தூக்கம். பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு நீங்கள் கையை ஆட்டுவது எனக்குத் தெரியாதா? ஆனால் நான் இங்கே எழுதுவதை மட்டும் ஒன்று விடாமல் படிக்கிறீர்களாம். சரி, இங்கேயே எழுதிவிடுகிறேன். நம் ஊர்க்காரர்கள் நாலு பேர் படித்தாலும் நல்லதுதான். பேர் போடவில்லை, ஆனால் முதல் பத்தியிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள்.

பஸ் விஷயத்தைச் சித்தி சொன்னார். காலை ஒன்பதரை மணிக்கு பிஸியோதெரபிக்குக் கிளம்பிய மனிதரை, "காலங்காத்தாலயே ஊத்திட்டு வந்துட்டாரு" என்று அடுத்த ஸ்டாப்பில் இறக்கிவிட்டிருக்கிறார்கள். வாழ்க்கையில் ஒரு சொட்டு தொடாத ஆளை! அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. ஆனால் இரண்டு நாள் கழித்து, பேச்சுப் பயிற்சி கொடுக்கிறவளின் தொழில் புத்தியோடு யோசித்தேன். அந்தக் கண்டக்டரின் காதில் கோளாறு இல்லை. குடித்தவர் நாக்கு குழறுவதும் கால் பின்னுவதும் பெரும்பாலும் சிறுமூளை கிறங்குவதால்தான். உங்களுக்கு வந்த ஸ்ட்ரோக்கில் அதே சிறுமூளையில் ஒரு பகுதிக்கு ரத்தம் போகாமல் நின்றுவிட்டது. இடம் ஒன்று என்பதால் கேட்பதற்கும் ஒன்றுபோல் இருக்கிறது. அவர்களுக்கு விடிந்தால் தெளிகிறது, உங்களுக்கு மாதக்கணக்கில் ஆகும். அவ்வளவுதான் வித்தியாசம். அதற்காக விசாரிக்காமல் இறக்கிவிட்டதை நான் மன்னித்துவிட்டேன் என்று நினைக்க வேண்டாம்.

சித்தியிடம் நீங்கள் எழுதிக் காட்டினீர்களாம், "எனக்குப் பேச்சு போச்சு" என்று. எழுத்து கோணல்மாணலாக இருந்தாலும் ஒரு பிழை இல்லை. அதைக் கேட்டபோதே எனக்குப் பாதி நிம்மதி. பேச்சு போனவர்களை நான் தினமும் பார்க்கிறேன். பெருமூளையின் இடப்பக்கம் அடிபட்டவர்களில் பலருக்குச் சொல்லே கிடைப்பதில்லை. டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு அதன் பெயரைத் தேடித் தவிப்பார்கள், எழுதச் சொன்னாலும் வராது. உங்களுக்குச் சொல் அத்தனையும் உள்ளே பத்திரமாக இருக்கிறது. அதை வாய்க்குக் கொண்டுவரும் அளவுதான் தப்பியிருக்கிறது.

அளவு என்றேன். உங்கள் வலது கையைப் பாருங்கள். டம்ளரை எடுக்கப் போனால் கை அதைத் தாண்டிப் போகிறது, திரும்பி வருகிறது, நடுங்குகிறது, அப்புறம் பிடிக்கிறது. கையில் பலம் குறையவில்லை. எவ்வளவு தூரம், எவ்வளவு வேகம், எங்கே நிறுத்துவது என்று முன்கூட்டியே கணக்குப் போட்டுக் கொடுக்கிற ஆள் லீவில் இருக்கிறார். அந்தக் கணக்குப்பிள்ளைதான் சிறுமூளை. பிடரிக்குச் சற்று மேலே, மண்டைக்குள் ஒதுங்கிக் கிடக்கிறது. மொத்த மூளையில் பத்தில் ஒரு பங்குதான் இருக்கும். ஆனால் மூளையின் சுமார் 8,600 கோடி நரம்பணுக்களில் ஏறக்குறைய 6,900 கோடி அங்கேதான் நெருக்கியடித்துக் கிடக்கின்றன. கை டம்ளரைத் தாண்டுவதுபோல உங்கள் நாக்கு பல்லைத் தாண்டுகிறது, அண்ணத்தைத் தொடுவதற்குள் நின்றுவிடுகிறது. சாதாரணப் பேச்சில் நொடிக்கு நாலைந்து அசை ஓடுகிறது. நாக்கு போய்ச் சேர்ந்த பிறகு திருத்த நேரம் ஏது?

ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மூன்றாவது வாரம் சித்தி அனுப்பிய வீடியோவை இருபது முறையாவது போட்டுக் கேட்டிருப்பேன். "பல்லு வலிக்குது" என்று நீங்கள் சொன்னதைச் சித்தி "பால்" என்று கேட்டு, காய்ச்சி எடுத்துவந்தார். நீங்கள் டம்ளரைத் தள்ளிவிட்டு எழுந்து போய்விட்டீர்கள். சித்தி மேலும் குற்றமில்லை. பள்ளிக்கூடத்தில் படித்தோமே, குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. ஆஸ்பத்திரி மாத்திரை இல்லை, இலக்கண மாத்திரை. உங்கள் வாயில் இப்போது குறிலும் நெடிலும் கிட்டத்தட்ட ஒரே நீளம். ஒற்று சில இடத்தில் அழுந்துகிறது, சில இடத்தில் காணாமல் போகிறது. படு, பாடு, பட்டு, பாட்டு நான்கையும் வரிசையாகச் சொல்லிப் பாருங்கள், புரியும். நம் மொழி அர்த்தத்தையே நீளத்தில் கட்டி வைத்திருக்கிறது. அதனால் இந்தக் கோளாறு நம்மைச் சற்று அதிகமாகவே படுத்துகிறது என்பது என் அனுபவம்.

இன்னொன்றும் கேட்டேன். "நா-ளைக்-குக்-கா-லை-யில்" என்று ஒவ்வொரு அசையும் தனித்தனியாக, எல்லாம் ஒரே கனத்தில் வருகிறது. தமிழ் ஐயா வெண்பாவைச் சீர் பிரித்து அலகிடச் சொன்னால் பையன்கள் படிப்பார்களே, அதே மாதிரி. வேடிக்கை என்னவென்றால், டாக்டர்களுக்கும் இதே உவமைதான் தோன்றியிருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் பாரிஸ் சல்பெத்ரியேர் மருத்துவமனையில் ஷார்கோ என்ற நரம்பியல் மேதை, நரம்பு உறை தேயும் ஒரு நோயில் இந்தப் பேச்சைக் கவனித்தார். செய்யுளை அலகிடுவதைக் குறிக்கும் சொல்லாலேயே அதை அழைத்தார்கள். இன்றைக்கும் ரிப்போர்ட்டில் 'ஸ்கேனிங் ஸ்பீச்' என்று எழுதுகிறோம். எம்ஆர்ஐ ஸ்கேனுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. உங்கள் ரிப்போர்ட்டில் அதைப் பார்த்துத் தம்பி பயந்துபோய் எனக்கு அனுப்பினானே, அதற்காகச் சொல்கிறேன்.

இது சிறுமூளையின் வேலைதான் என்று அழுத்தமாகக் காட்டியது முதல் உலகப் போர். பிரான்ஸில் ராணுவ ஆஸ்பத்திரியில் இருந்த கார்டன் ஹோம்ஸ் என்ற டாக்டர், பின்மண்டையில் குண்டடி பட்டு வந்த சிப்பாய்களை ஒவ்வொருவராகச் சோதித்து 1917இல் எழுதினார். நேற்றுவரை நன்றாகப் பேசிய பையன்கள், பேச்சு இழுத்து, ஏற்ற இறக்கம் இல்லாமல், திடீரென்று வெடித்து வருகிறது. கை தாண்டிப் போகிறது. நீங்களேதான் சித்தப்பா! அப்புறம் 1969இல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் டார்லி, ஆரன்சன், பிரவுன் என்ற மூன்று பேர் 212 நோயாளிகளின் பேச்சைப் பதிவு செய்து, காதால் கேட்டே வகை பிரித்தார்கள். நானும் உங்கள் வீடியோவைக் கேட்டது அவர்கள் போட்ட வழியில்தான்.

அன்றைக்கு வாந்தியும் தலைசுற்றலும் வந்தபோது பித்தம் என்று எலுமிச்சம்பழம் பிழிந்து கொடுத்தோம், அரை நாள் போயிற்று. கை கால் விழவில்லை, வாய் கோணவில்லை, அதனால் ஸ்ட்ரோக் என்று யாருக்கும் தோன்றவில்லை. முதலில் எடுத்த சிடி ஸ்கேனிலும் தெரியவில்லை. பின்மண்டை எலும்பு கனமானது, அங்கே சிடி பல சமயம் ஏமாற்றும். மறுநாள் எம்ஆர்ஐயில்தான் வலது சிறுமூளையின் மேல்பகுதி என்று தெரிந்தது. பேச்சு அதிகம் கெடுவது அந்த இடத்தில் அடைத்தால்தான். இதைப் படிக்கிற மற்றவர்களுக்கு: திடீரென்று நிற்க முடியாமல் தள்ளாடினாலோ நாக்கு குழறினாலோ எலுமிச்சம்பழம் தேடாதீர்கள், 108ஐ அழையுங்கள்.

சரி, நீங்கள் ஆடிய கபடிக்கு வருகிறேன்.

எங்களிடம் வருகிறவர்களை முதல் நாளே "பதக பதக பதக" என்று வேகமாகச் சொல்லச் சொல்வோம். உதடு, நாக்கு நுனி, நாக்கின் அடி என்று மூன்று இடமும் மாறி மாறி வேலை செய்ய வேண்டும். சிறுமூளை அடிபட்டவருக்கு அது சீராக வராது. ஒன்று வேகமாக, அடுத்தது இழுத்து, ஒன்று உரக்க, ஒன்று மெதுவாக. போன வாரம் பஸ்ஸில் வரும்போது உறைத்தது: கபடி! க நாக்கின் அடி, ப உதடு, டி நாக்கு நுனி. இருபது வயதில் நீங்கள் எதிர்க்கோட்டுக்குள் பாடிப்போய், மூச்சு விடாமல் கபடி கபடி என்று நாலு பேரைத் தொட்டுத் திரும்பியது இந்தப் பரீட்சையில் முதல் மார்க் வாங்கிக்கொண்டுதான். பிறகு முப்பது வருஷம் பொங்கல் போட்டிக்கு மைக்கைப் பிடித்தீர்கள். அந்தக் குரல் உங்களுக்கே கேட்காமல் போனால் எப்படி இருக்கும் என்று எனக்குப் புரியாமல் இல்லை.

ஆனால் இப்போது வேகம் வேண்டாம். ஒரு மூச்சுக்கு மூன்று நான்கு சொல் போதும், நிறுத்தி மூச்சு எடுங்கள். தொடையில் விரலால் தட்டிக்கொண்டு பேசுங்கள். சொல்லுக்கு ஒரு தட்டு, அசைக்கு ஒரு தட்டு கூடாது, பேச்சு இன்னும் அலகிடுகிற மாதிரி ஆகிவிடும். நெடிலை வேண்டுமென்றே கூடுதலாக நீட்டுங்கள், குறிலை வெட்டிவிடுங்கள், கொஞ்சம் நாடகத்தனமாக இருந்தாலும் பரவாயில்லை. அழுத்தத்துக்குத் தமிழில் ஒரு சௌகரியம் உண்டு: குரலை உயர்த்த முடியாவிட்டால் 'தான்' போட்டுவிடலாம். "நாளைக்குத்தான் வரேன்" என்றால் எந்தக் குரலில் சொன்னாலும் புரியும். வெளியே போகும்போது சட்டைப் பையில் ஒரு சீட்டு: "எனக்கு ஸ்ட்ரோக் வந்தது. பேச்சு குழறும், நடை தடுமாறும். பொறுத்துக் கேளுங்கள்." இதைத் தம்பியிடம் சொல்லி லேமினேட் பண்ணி வைத்துக்கொள்ளுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை.

இதற்கு மருந்து கிடையாது, பொய் சொல்ல மாட்டேன். ஆனால் ஸ்ட்ரோக்கில் வந்த சிறுமூளைக் குழறல் பெரும்பாலும் முதல் சில மாதங்களில் நன்றாகவே தேறி வருகிறது. பரம்பரையாக வந்து வருஷா வருஷம் மோசமாகிற வகையும் உண்டு, உங்களுடையது அது இல்லை. பேசாமல் உட்கார்ந்திருந்தால் மட்டும் இந்த மாதங்கள் வீணாகப் போகும்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு வீடியோ கால் பண்ணுகிறேன். நீங்களே எடுங்கள். சித்தியிடம் சொல்லி டிவியை அணைத்துவிடுங்கள். பால், பல், படு, பாடு எல்லாம் எழுதி வைத்திருக்கிறேன். கபடியைக் கடைசியில் வைத்துக்கொள்வோம்.

உங்கள் அண்ணன் மகள்